வரப்பில் மூன்று நாள், கேமராவோடு

அறுபதுகளின் தொடக்கத்தில், நடவு பற்றிப் பத்து நிமிடப் படம் எடுத்துவரச் சொல்லி என்னைப் பெருநகர் என்ற கிராமத்துக்கு அனுப்பினார்கள். சாவி கொடுத்து ஓட்டும் கேமரா அது. ஒருமுறை முறுக்கினால் அரை நிமிடம் ஓடும், பிறகு நின்றுவிடும்.

முதல் நாள் நிலக்காரர், நடவுப் பெண்கள் ஏழு பேரையும் புதுச்சேலையில் வரிசையாக நிறுத்தியிருந்தார். அவர்கள் சேற்றைப் பார்க்காமல் என்னையே பார்த்தபடி ஊன்றினார்கள். பாதி நாற்று மிதந்தது. யாரும் பார்க்காதபோது இவர்கள் எப்படி நடுவார்கள் என்று அறிய எனக்கு ஆசையாக இருந்தது.

மறுநாள் கேமராவை மடியில் வைத்துக்கொண்டு வரப்பில் உட்கார்ந்தேன். முறுக்கவே இல்லை. பெண்கள் பழைய சேலையில் வந்தார்கள். மூன்றாம் நாள் காலையில், அவர்களுக்குத் தலைவி போலிருந்த அம்மாள் நிமிர்ந்து கேட்டார்.

"இன்னா சார், நேத்துலேந்து சும்மா குந்திக்கினு கீறீங்க. பொட்டி ரிப்பேரா?"

"நீங்க என்னை மறக்கணும்னு காத்திருக்கேன்."

"எப்டி மறக்கறது? தொப்பி போட்ட ஆளு வெயில்ல குந்திக்கினு கீறத நாங்க எங்க பாத்தோம்?"

எல்லோரும் சிரித்தார்கள். அவர்களும் என்னை வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தது அப்போதுதான் உறைத்தது.

நண்பகலில் மேல்கழனி வரப்பு உடைந்தது. நட்ட நாற்றை அடித்துக்கொண்டு தண்ணீர் பாய்ந்தது. அந்த அம்மாள் ஓடிப்போய் உடைப்பில் உட்கார்ந்து, தண்ணீருக்கு முதுகைக் கொடுத்தார். மற்றவர்கள் அவரைச் சுற்றிச் சேற்றை வாரி அப்பினார்கள். ஒருவரும் என் பக்கம் திரும்பவில்லை. நான் முறுக்கினேன், எடுத்தேன். அரை நிமிடத்தில் கேமரா நின்றது. மறுபடி முறுக்கக் கை வரவில்லை. வெட்கமாக இருந்தது. அதை வரப்பில் வைத்துவிட்டு நானும் மண் சுமந்தேன்.

இரண்டு மாதம் கழித்துப் படத்தை எடுத்துக்கொண்டு அதே ஊருக்குப் போனேன். பள்ளிக்கூட ஜன்னல்களைச் சாக்கால் மூடித் திரையிட்டோம். புதுச்சேலைக் காட்சி எங்கே என்று நிலக்காரர் முணுமுணுத்தார். உடைப்புக் காட்சி வந்ததும் அந்த அம்மாள் எழுந்து திரைக்குப் பக்கத்தில் போனார்.

"என் முதுவ நான் பாத்ததே இல்ல. இன்னொரு தபா ஓட்டுங்க சார்."

ஓட்டினேன். முதுகில் தண்ணீர் மோதிப் பிளப்பதை உற்றுப் பார்த்தவர், காட்சி அறுந்ததும் திரும்பினார்.

"ஏன் நிறுத்திட்டீங்க? அடைச்சி முடிக்கறது இல்லியே."

"மண்ணு போட வந்துட்டேனேம்மா."

"மண்ணு போட நாங்க இத்தினி பேரு கீறோம். படம் புடிக்க நீங்க ஒருத்தருதான சார் கீறீங்க."

அவர் கோபமாகச் சொல்லவில்லை. நிஜமாகவே புரியாமல் கேட்டார். மூன்றாம் முறை ஓட்டுவதற்காக நான் சுருளைப் பின்னோக்கிச் சுற்ற ஆரம்பித்தேன்.