மூன்று தரம் செத்தவர்

அமிர்தநாதர் சாகும்போது வாயை மூடிக்கொண்டுதான் சாவார். வாய் திறந்திருந்தால் நாக்கு அசையும், கமரா பிடித்துவிடும். கனடாவில் அவருடைய வெக்ஸ்போர்ட் மாடி வீட்டுக்குத் தேநீர் குடிக்க யார் வந்தாலும் சோபாவில் நீட்டி நிமிர்ந்து செய்து காட்டுவார். வந்தவர்களின் தேநீர் ஆறிவிடும்.

"உயிரோட இருக்கிறமாதிரி ஆரும் நடிப்பாங்கள். சாகிறதுக்கெல்லோ பழகவேணும்."

கனடாவுக்கு வருமுன் ஜேர்மனியில் ஒன்பது வருடம். தொலைக்காட்சித் தொடர்களில் பதினான்கு வேடம். பியர்க் கடைகளில் ரோசாப்பூ விற்றுத் திரிந்தவரைப் படப்பிடிப்புக்காரர் ஒருவர் கண்டு கூட்டிப்போனார். முதல் வேடம் ரோசாப்பூ விற்பவர். பிறகு சமையல்காரர் ஆறு, தரை துடைப்பவர் நாலு, சவம் மூன்று. எந்த வேடத்துக்கும் பெயர் இல்லை. பேசிய ஒரே வசனம், "எனக்குத் தெரியாது." உப்புப் போத்தல் எங்கே என்று மனைவி யோகமலர் கேட்டபோதெல்லாம் அதையே ஜேர்மன் மொழியில் சொன்னார்.

மூன்றாவது சாவுக்குப் பக்கத்தில் இருந்து அழ ஒரு மனைவி தேவைப்பட்டது. யோகமலரைக் கூட்டிப்போனார். தை மாதம், சூடில்லாத மண்டபம். போர்த்திய துணி கட்டை. நெஞ்சை மூடினால் கால் வெளியே. கண்ணை மூடிக் கிடந்ததால் அவர் எதையும் பார்க்கவில்லை. யாரோ காலை மூடிவிட்டது மட்டும் தெரியும்.

"ஆரோ வெள்ளைக்காரப் பொடியன். நல்ல மனம்."

நீ அழுதனியோ என்று அவர் கேட்டால் யோகமலர், "செத்த ஆளுக்கு உது ஏன்?" என்பார்.

அந்தக் காட்சி ஒளிபரப்பான அன்று அமிர்தநாதருக்கு வேலை. சினேகிதர் ஒருவர் பதிந்து கொடுத்த கசெட் கனடா வீடியோ டெக்கில் வெறும் கோடாக ஓடியது. ஜேர்மனியில் தொலைக்காட்சிப் படத்துக்கு 625 வரி, இங்கே 525. மார்க்கம் நகரில் இலத்திரனியல் பொறியியலாளராக இருக்கும் மகள் யூஜினிக்கு அதை மாற்றுவது ஒரு மணி நேர வேலை. ஐந்து வருடம் தள்ளிப்போட்டாள்.

தொண்ணூற்றாறு பங்குனியில் யோகமலர் இறந்தார். பெட்டியருகே நெடுநேரம் நின்ற அமிர்தநாதர், "வாய் வடிவா மூடியிருக்கு" என்றார்.

அடக்கம் முடிந்து நாலாம் கிழமை யூஜினி கசெட்டை மாற்றிக்கொண்டு வந்தாள். யோகமலர் அசைகிற படம் அந்த வீட்டில் வேறு இல்லை.

காட்சி பதினொரு செக்கன். யோகமலர் அழவில்லை. ஒருமுறை கமராவைப் பார்க்கிறார். பிறகு துணியைக் கீழே இழுத்துக் கணவரின் கால்களை மூடுகிறார். ஓரத்தைக் குதிக்காலுக்குக் கீழே செருகுகிறார்.

"இன்னொருக்கா விடு, பிள்ளை."

கசெட் பின்னுக்குச் சுற்றியது. அமிர்தநாதர் குனிந்து காலுறைகளைக் கழற்றினார். சோபாவில் நீட்டி நிமிர்ந்து படுத்தார். வாயை மூடினார், மூச்சைப் பிடித்தார். கண்களை மட்டும் மூடவில்லை.