ஒரு ஊருக்கு ஒரு புள்ளி

என் வீட்டுக்காரர் ஜோதிலிங்கம் தலைநகரில் மோதி பாக் குவார்ட்டர்ஸில் இருந்துகொண்டே முப்பது வருஷமாகப் பாலைவனம் வரைகிறவர். ஒரு வரைபட அலுவலகத்தில் மேற்கு ராஜஸ்தான் அவர் பொறுப்பு. ஜோத்பூர், பிகானேர், ஜெய்சல்மேர், பார்மேர் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார். நேரில் போனதே இல்லை. "மண்ணுல போய் என்னத்தப் பாக்க?" என்பார்.

பாலைவனம் என்றால் ஆளில்லாத இடம் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். எங்கள் மகள் பிரபா பார்மேர் பக்கம் நர்ஸ் வேலைக்குப் போன பிறகுதான் தெரிந்தது, ஜனம் ஏராளம். ஆனால் தெருத்தெருவாக இல்லை. அவரவர் வயலிலேயே வீடு கட்டிக்கொள்வார்களாம். நாலைந்து வீடு சேர்ந்தால் ஒரு டாணி. ஒரே ஊரின் டாணிகள் மைல் கணக்கில் சிதறிக் கிடக்கும். இவரோ பள்ளிக்கூடம் இருக்கும் இடத்தில் ஒரே ஒரு புள்ளி வைத்துவிட்டு ஊர் முடிந்தது என்பார்.

"டாணி பேரெல்லாம் அனுப்பிட்டேன். ஜல்தி போடுங்கப்பா. ஆம்புலன்ஸ்காரங்க உங்க மேப்பத்தான் பாக்கறாங்க."

"அச்சா, அச்சா. போட்டுடலாம்மா."

போட்டாரா? முதலில் பட்டணங்கள் முடியட்டும் என்று தள்ளிப்போட்டார். நான் கத்தினேன், யார் கேட்டார்கள்! போன கோடையில் கேசர்தேவி என்ற பெண்ணுக்குப் பிரசவ வலி. ஆம்புலன்ஸ் நேராகப் புள்ளிக்குப் போய் நின்றது. அவள் டாணியைத் தேடிப் பிடிப்பதற்குள் குழந்தை போய்விட்டது. தாயை மட்டும் பிரபா எப்படியோ காப்பாற்றினாள். அன்றோடு அப்பாவிடம் பேச்சை நிறுத்தினாள்.

மனுஷனுக்குச் சோறு இறங்கவில்லை. டாணிகளை எல்லாம் ஒன்றுவிடாமல் போட்டு முடித்தார். மகளிடம் நான் எவ்வளவோ கெஞ்சினேன். "அவரே வந்து கேசர்கிட்ட, தப்பு என்னுதுன்னு சொல்லட்டும். அப்புறம் பேசறேன்" என்றாள்.

போனார். பிரபா, "இவங்க எங்கப்பா" என்றதும் கேசர்தேவி முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு இவர் காலைத் தொட்டாளாம். உங்கள் மகளால்தான் உயிரோடு இருக்கிறேன் என்று அழுதாளாம். பிரபா இவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறாள். இவர் அந்தப் பெண்ணின் தலையில் கை வைத்து ஆசீர்வாதம் செய்துவிட்டு, அவள் கொடுத்த டீயைக் குடித்துவிட்டு வந்துவிட்டார்.

"கும்பிடறவகிட்ட எப்படி லீலா சொல்றது?" என்று என்னிடம் கேட்கிறார். பாவி மனுஷா! அந்த ஒரு வார்த்தைக்குத்தானே அவ்வளவு தூரம் போனது?

மறுநாள் பிரபா கூப்பிட்டாள். "அம்மா, இனிமே உன்கிட்ட மட்டும்தான் பேசுவேன். அப்பாகிட்டக் குடுக்காத" என்றாள்.

போன் ஸ்பீக்கரில் இருந்தது. அவர் என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார்.