ஓஹாயோவில் இருந்த உவன்

பெற்றோல் மணம் மூக்கில் ஏறும்போதெல்லாம் நான் ஒருநாளும் மிதிக்காத ஒரு பனிக்காலம் என்னைச் சுற்றிக்கொள்கிறது. யாழ்ப்பாணத்து நெல்லியடிச் சந்தியில், மோட்டார்சைக்கிளுக்கு எண்ணெய் அடிக்க வரிசையில் நிற்பேன். முன்னால் நிற்பவர் தாங்கி மூடியைத் திறப்பார். தலையைக் கிறக்கும் அந்த இனிப்பு மணம் வரும். வெயில் அப்படியே கிடக்க, ஒரு கண்ணாடிக் கதவும் அதற்கப்பால் பனியும் தெரியும். அமெரிக்காவில், ஓஹாயோ மாநிலத்தில், பெற்றோல் செட்டோடு ஒட்டிய சின்னக் கடை அது. எங்கள் கடைசித் தம்பி அங்கேதான் வேலை செய்தான். எங்களுக்கு அவன் சின்னவன். ஒரு மத்தியானம் ஒருவன் துவக்கோடு வந்தான். சின்னவன் காசை எடுத்துக் கொடுத்தான், கைகளை உயர்த்தினான். அதற்குப் பிறகும் வந்தவன் சுட்டான்.

செய்தி வந்த நாளில் அக்கா பருத்தித்துறை மீன்சந்தையில் நின்றாள். இருபது வருடமாக மீன் விற்ற குரல் அவளுடையது. வீட்டுக்கு வந்து அந்தக் குரலால் அழுதாள். தெருவே வந்து முற்றத்தில் நின்றது. அழுது முடித்தபின் என்னைக் கூப்பிட்டுக் கேட்டாள்.

"அதென்ன ஊரெண்டனி?"

"ஓஹாயோ."

"பேரிலையே பாதி ஐயோ கிடக்கு. உதுக்குள்ளை போய் இருந்திருக்கிறான் விசரன்."

அன்று தொடங்கியது எங்கள் புது வழக்கம். சந்தை கலைந்து வந்ததும் கைகால் கழுவிவிட்டு என் எதிரே குந்துவாள். அந்த மாநிலத்துக் கொலைச் செய்திகளை நான் தொலைபேசியில் பார்த்துத் தமிழில் சொல்லவேண்டும். வாகனத் தரிப்பிடத்தில் ஒரு பெண். நாய் குரைத்த சண்டையில் அயல்வீட்டுக் கிழவர். பஸ் ஓட்டிக்கொண்டிருந்த ஒருவர். முகம் தெரியாத அந்தச் சாவுகள் ஒவ்வொன்றுக்கும் அக்கா 'ச்சு' கொட்டுவாள். பிறகு எப்போதும் ஒரே கேள்வி.

"பிடிச்சவங்களோ?"

சில நாட்களில் "இல்லை" என்பேன். பல நாட்களில் "ஓம்" என்பேன். அந்த ஓமைத்தான் அவளால் நம்ப முடியவில்லை. ஒருவரைக் கொன்றால் கொன்றவனைப் பிடிப்பார்கள், பெயர் போடுவார்கள், முகத்தைக் காட்டுவார்கள் என்பது அவளுக்குப் புதினமாக இருந்தது. அக்காவின் கணவர், எங்கள் அத்தான், யுத்தகாலத்தில் ஒரு காலை சைக்கிளில் போனார். அவரைக் கொண்டுபோனார்கள். யார், எங்கே, ஏன் என்று இன்றுவரை ஒரு கடதாசி வரவில்லை. சைக்கிள் மட்டும் வேலியோரம் கிடந்தது.

சின்னவனைச் சுட்டவனையும் பிடித்தார்கள். அவன் குற்றத்தை ஒத்துக்கொண்டான். தண்டனை சொல்லும் நாளில் குடும்பத்தார் தங்கள் தரப்பைச் சொல்லலாம் என்று நீதிமன்றத்திலிருந்து எழுதியிருந்தார்கள். ரொறன்ரோவில் இருந்து பெரியப்பாவின் மகன், நாங்கள் பெரியண்ணை என்று கூப்பிடுபவர், உடனே தொலைபேசி எடுத்தார்.

"நீ இங்கிலீசிலை ஒரு கடிதம் எழுதி அனுப்பு, அது காணும், வேறொண்டும் வேண்டாம். மன்னிச்சிட்டம் எண்டு ஒரு வரி போடு. உதாலை எங்கடை ஆக்களுக்கு ஒரு மதிப்பு வரும். அக்காவைக் கதைக்க விடாதை. அவ சந்தையிலை கதைக்கிற மாதிரிக் கதைச்சா எல்லாருக்கும் வெக்கக்கேடு."

எழுதினேன். இரண்டு நாள் சாப்பாடு மறந்து எழுதினேன். வரிகள் அலை மாதிரி எழும்பி விழுந்தன. கடல் வந்தது, கலங்கரை விளக்கு வந்தது, கரை திரும்பாத தோணி வந்தது, மன்னிப்பும் வந்தது. சொல்லவே கூச்சமாக இருக்கிறது, அந்தக் கடிதத்தில் எனக்குப் பெருமை இருந்தது. அக்காவுக்குத் தமிழில் வாசித்துக் காட்டினேன். அவள் கத்தியைக் கல்லில் தீட்டியபடி கடைசிவரை கேட்டாள்.

"வடிவாத்தான் கிடக்கு. உதிலை ஆர் செத்தது?"

"அக்கா…"

"கடலெண்டுறாய், விளக்கெண்டுறாய். சுட்டவன் எங்கை? உன்ரை அத்தானைக் கொண்டுபோனதுக்கு நான் ஆரைக் கேட்டனான்? ஒருத்தனை எனக்குக் கண்ணிலை காட்டினவங்களோ? இப்பதான் ஒருத்தனை இருத்திவைச்சு, வந்து சொல்லு எண்டுறாங்கள். நான் கடிதம் அனுப்பிப்போட்டு வீட்டை இருக்கவோ? கதைக்கப்போறன். என்ரை வாயாலை."

கடிதத்தை நான் அனுப்பவில்லை. அக்காவைக் காணொளியில் பேச விடும்படி நீதிமன்றத்துக்கு எழுதினேன். பெரியண்ணை அதற்குப் பிறகு என்னோடு கதைப்பதில்லை. கதைக்காமலே இருக்கட்டும்.

அனுமதி கிடைத்தது, ஒரு நிபந்தனையோடு. நீதிபதியைப் பார்த்து மட்டுமே பேசவேண்டும். குற்றவாளியை விளித்து ஒரு சொல்லும் சொல்லக்கூடாது. 'நீ' என்று தொடங்கினால் நிறுத்திவிடுவார்கள்.

அங்கே காலை ஒன்பது, இங்கே மாலை ஆறரை. நல்ல இணைய இணைப்பு இருந்ததால், நெல்லியடியில் சிநேகிதர் ஒருவரின் ரியூசன் கொட்டிலில் ஓர் அறையைக் கேட்டு வாங்கியிருந்தேன். பலகைச் சுவருக்கு அப்பால் இரசாயனவியல் வகுப்பு நடந்தது. திரையில் நரைத்த தலையோடு ஒரு பெண் நீதிபதி. அவருக்கு முன்னால் ஒரு மேசை, அதில் சட்டத்தரணிகள், நடுவே அவன். தலையை ஒட்ட வெட்டிய இளைஞன். மேசையைப் பார்த்தபடி இருந்தான். மொழிபெயர்ப்பாளர் வேறொரு நகரத்தில் இருந்தார், தமிழ்நாட்டுக்காரர், குரல் மட்டும் கேட்டது.

அக்கா தொடங்கினாள். "அம்மா, நான் செத்துப்போனவன்ரை மூத்த அக்கா. உவன் சுட்டது என்ரை தம்பியை."

மொழிபெயர்ப்பாளர் ஆங்கிலத்தில் சொன்னார். அக்கா என் பக்கம் திரும்பினாள்.

"என்ன, ஹீ எண்டுறார்?"

"ஹீ எண்டா அவன், அக்கா."

"நான் அவன் எண்டு சொல்லேல்லையே."

மொழிபெயர்ப்பாளர் குழம்பினார். "அம்மா, உவன்னா யாரு? இவனா, அவனா?"

"ரெண்டும் இல்லை. உவன்."

"அப்படி ஒரு வார்த்தை எங்க பக்கம் இல்லையேம்மா."

"உங்களிட்டை இல்லாட்டி என்ன, எங்களிட்டை இருக்கு."

நான் நடுவே புகுந்தேன். எனக்குப் பக்கத்தில் நிற்பவன் இவன், நம் இருவருக்கும் எட்டத்தில் நிற்பவன் அவன், கேட்கிறவருக்கு, இங்கே நீதிபதிக்கு, பக்கத்தில் இருப்பவன் உவன் என்றேன். மொழிபெயர்ப்பாளர் "ஓ," என்றார். பிறகு நிதானமாக ஆங்கிலத்தில் சொன்னார்: கனம் நீதிபதி அவர்களே, இந்த அம்மா சொல்வது, உங்களுக்குப் பக்கத்தில் இருக்கும் அந்த மனிதன்.

நீதிபதி திரும்பி அவனைப் பார்த்தார். சட்டத்தரணிகளும் பார்த்தார்கள். அத்தனை கண்களுக்கும் நடுவே அவன் தலையை நிமிர்த்தவேண்டியிருந்தது. அக்கா 'நீ' என்று ஒருதரம்கூடச் சொல்லவில்லை. நீதிபதியைப் பார்த்தபடியே சொன்னாள்.

"காசைக் குடுத்தவன் என்ரை தம்பி. கையைத் தூக்கினவன். அதுக்குப் பிறகும் சுட்டவன் உவன். அம்மா, முந்தியும் என்ரை வீட்டிலை இருந்து ஒரு ஆளைக் கொண்டுபோனவங்கள். அவங்களை எனக்கு ஒருத்தரும் காட்டேல்லை. அவங்களை நான் சாகும்வரைக்கும் அவங்கள் எண்டுதான் சொல்லலாம். உவனை நீங்கள் காட்டிப்போட்டியள். மன்னிக்கச் சொல்லி எங்கடை ஆக்கள் சொல்லுகினம். அதுக்கு நான் வரேல்லை. உவனைக் கொல்லுங்கோ எண்டு கேக்கவும் வரேல்லை. செத்தால் உவனுக்கு மறந்துபோம். உவன் இருக்கவேணும். இருந்து நினைக்கவேணும்."

மொழிபெயர்ப்பாளர் ஒரு சொல் விடாமல் எல்லாவற்றையும் சொல்லி முடித்தார்.

ஆயுள் தண்டனை. பதினெட்டு வருடத்துக்குப் பின் விடுதலை கேட்டு அவன் விண்ணப்பிக்கலாம், அப்போது குடும்பத்தாருக்கும் அறிவிப்பார்கள், பேச விரும்பினால் பேசலாம் என்றார் நீதிபதி. அக்கா விரல்களை மடக்கி எண்ணினாள். நீதிபதி நன்றி சொல்லி, இணைப்பை நிறுத்தலாம் என்றார். நான் கையை நீட்டினேன். அக்கா என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு திரையோடு முகத்தை வைத்தாள்.

"அம்மா, நீங்கள் சொல்லுற நாளிலை எனக்கு எழுபத்தேழு வயசு. தடி ஊண்டியெண்டாலும் வருவன். சரி, போயிட்டு வாறன்."