மூன்று இடக்கைத் தவில்காரர்

தொண்ணூறுகளில் இத்தாலியில், பலேர்மோவில், ஒரு ஜெர்மன் அம்மாவின் வீட்டில் வேலை செய்தேன். சிஞ்ஞோரா என்று கூப்பிடுவேன். கூட்டுவது, சமைப்பது, மருந்து எடுத்துக் கொடுப்பது. எண்பது வயது தாண்டியவ. அவவின் தகப்பன் பேசாப்படக் காலத்தில் நாடு நாடாகப் போய் இசைக்காரரைப் படம் பிடித்தவர். சத்தம் பதியாத படத்தில் இசையை ஏன் பிடித்தார் என்று நான் கேட்கவில்லை. அது என் வேலையில் சேர்த்தியில்லை.

ஒருநாள் பழைய புரொஜெக்டரில் ஒரு சுருளை ஓட்டினா. யாழ்ப்பாணத்துக் கோயில் வீதி. மூன்று பேர் தவில் வாசித்தார்கள். ஜெர்மனியில் ஏதோ காப்பகம் படத்தைக் கேட்டிருக்கிறதாம். குறிப்பும் எழுத வேண்டுமாம்.

"என்ன வாசிக்கிறார்கள்? நீ தமிழ்தானே?"

"தமிழ்தான், சிஞ்ஞோரா. ஆனால் ஒன்றும் கேட்கவில்லையே."

எனக்குத் தெரிந்த ஒரேயொரு தவில்காரர் கடற்கரைப் பக்கம் ஸ்ஃபெர்ராகவால்லோவில் மீன் சாப்பாட்டுக் கடையொன்றில் கோப்பை கழுவினார். திங்கட்கிழமை கடை பூட்டு. கூட்டி வந்தேன். சப்பாத்தைக் கழற்றிவிட்டுக் கதிரை நுனியில் இருந்து பார்த்தார். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை.

"தங்கச்சி, இது பிழை. கம்பு வலக்கையிலை இருக்கு. இடக்கையிலை எல்லோ இருக்கவேணும்? ஒருத்தர் இடக்கையனெண்டால் சரி. மூண்டு பேருமோ?"

இத்தாலியனில் சொன்னேன். சிஞ்ஞோராவின் முகம் சிவந்தது.

"என் அப்பா பிழை விடமாட்டார்."

படத்தின் இடையில் வரும் எழுத்து அட்டைகள் நேராகத்தானே வருகின்றன என்று காட்டினா. பிறகு கண்ணாடியைப் போட்டுச் சுருளை இழுத்து இழுத்துப் பார்த்தா. தவில் வருகிற இடத்துக்கு முன்னும் பின்னும் ஒட்டு இருந்தது. அறுந்த துண்டைப் புறம் மாற்றி ஒட்டியிருந்தது.

ஒட்டை விரலால் தடவினா.

"நான்தான்," என்றா. "பதினாறு வயதில் ஓட்டிப் பார்க்கப்போய் அறுத்துவிட்டேன். ஒட்டியதும் நான்தான். அப்பாவுக்குச் சொல்லவில்லை."

கத்தரிக்கோலும் பசையும் கேட்டா. என்னைத் தொட விடவில்லை, தானே வெட்டித் திருப்பி ஒட்டினா. திரும்ப ஓட்டினோம். கம்பு இடக்கைக்கு வந்தது.

"இப்ப சரி," என்றார் தவில்கார அண்ணை. "ஆனால் இந்த வேகத்திலை மனிசர் வாசிக்கேலாது."

சிஞ்ஞோரா வேகத்தைக் குறைத்தா. அவர் தொடையில் தட்டத் தொடங்கினார். பிறகு சாப்பாட்டு மேசைக்கு மாறினார். படத்துக் கையும் அவர் கையும் ஒன்றாக விழுந்தன. சிஞ்ஞோரா கதிரையைத் திருப்பிப் போட்டுக்கொண்டு அவரையே பார்த்தா. நான் அடுப்பை நிற்பாட்ட மறந்து பருப்பு கரிந்தது.

சுருள் முடிந்ததும் குறிப்பில் போட அவருடைய பெயரைக் கேட்டா.

"அந்த மூண்டு பேற்றை பேர் இருக்கோ எண்டு கேள்."

கேட்டேன். 'உள்ளூர் மேளக்காரர்' என்றுதான் அட்டையில் இருந்ததாம்.

"அப்ப எனக்கும் வேண்டாம். இஞ்சை இருக்கிறதுக்கான பெர்மெஸ்ஸோக் கடுதாசியும் இன்னும் வரேல்லை."

தேத்தண்ணி குடித்துவிட்டுச் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு பஸ்ஸுக்குப் போனார்.