எனக்கு நானே வாங்கிய மாலை

எண்பதுகளில் எங்கள் கட்சியின் ஒன்றியச் செயலாளர் பதவிக்கு உட்கட்சித் தேர்தல் வந்தது. விழுப்புரத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில் ஓட்டுப் போட்டார்கள். நான்தான் ஜெயிப்பேன் என்று மற்ற எல்லோரையும் விட நான் உறுதியாக நம்பினேன். பெரிய ரோஜா மாலை ஒன்றை நானே வாங்கி, என் மைத்துனன் ஏழுமலையிடம் கொடுத்து, "ரிசல்ட்டு சொன்னதும் ஓடியாந்து என் கழுத்துல போட்டுடு" என்றேன். வீடு வரைக்கும் வாசித்துக்கொண்டு வரத் திண்டிவனத்திலிருந்து பேண்டு செட்டும் வரவழைத்திருந்தேன்.

தோற்றேன்.

சொன்ன சொல் தவறாத ஏழுமலை ஓடிவந்து எனக்கு மாலையைப் போட்டான். பேண்டும் முழங்கியது. மண்டபமே சிரித்தது.

போன மானம் போகட்டும் என்று மாலையைக் கழற்றி, ஜெயித்த கெடார் கோவிந்தசாமிக்குப் போடப் போனேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு காதோடு சொன்னார்:

"வேணாண்ணே. நான் ஜெயிப்பேன்னு நானே நெனைக்கல, அதான் மாலை வாங்கியாரல. இது நீங்க ஆசையா வாங்கினது. நீங்களே போட்டுக்கினு போங்க."

பேண்டு முன்னால் முழங்க, மாலையோடு வீடு வந்தேன். வாசலில் என் மனைவி ஆரத்தித் தட்டோடு நின்றாள்.

"தோத்துட்டேன்" என்றேன்.

"தெரியும். ஏழுமலை முன்னாடியே சைக்கிள்ல வந்து சொல்லிட்டான். மாலையும் மேளமுமா வர்ற மனுசனை வேற எப்பிடி உள்ள கூப்புடறது? நேரா நில்லுங்க."

அடுத்த தேர்தலில் நிஜமாகவே ஜெயித்து வந்தேன். வாசலில் ஆரத்தியைக் காணோம். உள்ளே போய்க் கேட்டேன்.

"ஜெயிச்சா எடுக்கத்தான் ஊரே இருக்குதே" என்றாள்.