கழுவிப் போகாத இருட்டு

மியாவோ ஷூஜென் அக்கா எங்கள் ஸ்டுடியோவில் இருபத்தேழு ஆண்டுகள் ஒளிப்பதிவாளராக இருந்தார். பதினாறு படங்கள் எடுத்தார். பதினாறிலும் முகங்களைவிட இருட்டுக்கே இடம் அதிகம். ஒவ்வொரு ஷாட்டின் லென்ஸையும் வெளிச்ச அளவையும் குறித்து வைப்பது என் வேலை. கீழே உள்ள அளவுகள் அந்தக் குறிப்பேட்டில் இருப்பவை.

நான்காவது படம், 1984 டிசம்பர், வட சீனாவின் தாத்தோங் நிலக்கரிச் சுரங்கக் குடியிருப்பு. கணவனைச் சுரங்கத்தில் இழந்தவள் தனியாக உட்கார்ந்து நூடுல்ஸ் சாப்பிடும் காட்சி. வீட்டில் இருந்த ஒரே பல்பைக் கழற்றி, அதே இடத்தில் இருநூறு வாட் பல்பை மாட்டினார் மியாவோ. வேறு விளக்கே ஏற்றவில்லை.

அதைத் திரையில் போட்டுப் பார்த்த ஸ்டுடியோ தலைவர் ஹாவ் கேட்டார்: "கதாநாயகி எங்கம்மா? கிண்ணம்தான் தெரியுது."

"கிண்ணத்துக்குப் பின்னாடிதான் இருக்கா தலைவரே. அந்த வீட்டுல அவ்வளவுதான் தெரியும்."

"ஜனங்க காசு கொடுக்கறது முகம் பார்க்க."

"வெளிச்சம் போட்டு எடுத்ததைச் சுரங்கத்து ஜனங்க பார்த்தா, நம்ம வீட்டுல எப்போ இத்தனை விளக்கு போட்டாங்கன்னு சிரிப்பாங்க."

தலைவர் சொன்னபடி, படம் கழுவும் கூடத்தின் பொறுப்பாளர் ஜின் அச்சு இயந்திரத்தின் அளவில் ஐந்து புள்ளி வெளுப்பாக அச்சிட்டார். படத்தில் இருந்த கருப்பு, அரிசி கழுவிய தண்ணீரின் நிறத்துக்கு வந்தது. ஹாவுக்கு அதுவும் பிடிக்கவில்லை. பதினான்காம் தேதி மறுபடி எடுக்க வேண்டும், இருட்டாக வந்தால் படம் வேறு ஒளிப்பதிவாளருக்குப் போகும் என்றார்.

பதினான்காம் தேதி அதே பல்பு, அதே இடம். கூடுதலாக ஒன்று மட்டும்: பல்புக்கு அடியில், சிவப்புப் பூப் போட்ட வெள்ளை எனாமல் குவளை.

"குவளை எதுக்கு அக்கா?" என்றேன்.

"காவலுக்கு. அளவைச் சரியா எழுதிக்கோ."

முகம், சரியான அளவைவிட இரண்டரை படி குறைவு (ஒரு படி குறைந்தால் வெளிச்சம் பாதி). குவளை, இரண்டு படி அதிகம். எழுதினேன்.

நான்கு நாள் கழித்து ஜின் அச்சுகளோடு வந்தார். "முகத்தை வெளுத்தா குவளை வெள்ளையா வெடிச்சு மேசையையே முழுங்கிடுது. குவளைப் பூவைக் காப்பாத்தினா முகம் இருட்டுக்குள்ள போயிடுது. வேணும்னே பண்ணீங்களா அக்கா?"

"வேணும்னேதான். தேதியோட எழுதியிருக்கு, பாருங்க."

ஹாவ் குறிப்பேட்டை வாங்கிப் பார்த்தார். "குவளையைத் தூக்கிட்டு இன்னொரு தடவை எடுக்கட்டும். வேற ஆள் எடுக்கட்டும். ஃபிலிம் சுருள் எவ்வளவு மிச்சம்?"

என்னைத்தான் கேட்டார். இந்தப் படத்துக்கு ஒதுக்கியதில் மீதி பதினொரு மீட்டர், இருபத்து நான்கு விநாடி என்றேன். அந்தக் காட்சி எழுபது விநாடி. மேலிடத்தில் இன்னும் சுருள் கேட்டால் வர ஆறு மாதம் ஆகும் என்பது அவருக்கே தெரியும்.

"கணக்குப் போட்டுத்தான் செஞ்சிருக்கே" என்றார் மியாவோவிடம்.

"ஆமா தலைவரே."

"இது போகட்டும். அடுத்த படத்துல குவளையைப் பார்த்தேன்னா, உன்னைக் கேமரா பக்கமே விடமாட்டேன்."

"சரி தலைவரே, குவளை இருக்காது."

அடுத்த படம், முதல் நாள், முதல் ஷாட். குறிப்பேட்டில் உள்ளது: ஜன்னல் வெளிச்சம் மட்டும். முகம், மூன்று படி குறைவு. தட்டில் அவித்த முட்டை ஒன்று, உரித்தது. இரண்டு படி அதிகம்.