மாமா ஏற்றிய கூண்டு

மாமா பொய் சொல்ல மாட்டான், கதைதான் சொல்லுவான் என்பது அம்மாவின் கட்சி. கூடப் பிறந்த தம்பியை அவள் விட்டுக்கொடுத்து நான் பார்த்ததில்லை. மாமாவுக்குத் தூத்துக்குடித் துறைமுகத்தில் வேலை. புயல் வருகிறது என்று தந்தி வந்தால், கடலில் இருப்பவர்களுக்குத் தெரியும்படி உயரமான கம்பத்தில் எச்சரிக்கைக் கூண்டு ஏற்ற வேண்டும். கூண்டு என்பது கறுப்பாக, கோழி கவிழ்க்கும் கூடை மாதிரி இருக்கும். தந்தி வருகிற விஷயம் எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்ததெல்லாம், மாமா கயிற்றை இழுப்பார், கூண்டு மேலே போகும், மறுநாள் காற்றடிக்கும்.

நான் அப்படி நம்பியதற்கு மாமாவேதான் காரணம். சாயங்காலமானால் தெருப் பிள்ளைகளை உட்காரவைத்து மும்மாரித் தீவைப் பற்றிச் சொல்லுவார். அந்தத் தீவு எந்தக் கடலில் இருக்கிறது என்று கேட்டால், "இங்கன இருந்து பாத்தாத் தெரியாது" என்பதோடு நிறுத்திக்கொள்வார். தீவின் நடுவில் ஓர் இரும்பு மரம். அதில் ஏழு கயிறு. ஒன்றை இழுத்தால் தூறல், இன்னொன்றை இழுத்தால் வாடைக்காற்று. ஏழாவதை இழுத்தால் கடல் எழுந்து நிற்கும். விடிந்தால் போதும், உப்பளத்துக்காரர்கள் வெயில் கேட்டு வருவார்கள், வயல்காரர்கள் மழை கேட்டு வருவார்கள். கயிற்றுக்காரன் இரண்டு பக்கத்துச் சண்டையையும் கேட்டுவிட்டு ஆளுக்குப் பாதியாக இழுப்பான். வெயிலோடு மழை பெய்வது அப்படித்தானாம். அவனுக்கு ஒரே ஒரு சட்டம். தன் வீட்டுக்கென்று கயிற்றைத் தொடக்கூடாது. தொட்டால் கயிறு கையை அறுத்துவிடும்.

நான் எட்டு வயதில் புதுநன்மை வாங்கினேன். கோயிலில் முதன்முதலாக நற்கருணை பெறுகிற நாள் அது. எழுபதுகளின் தொடக்கம். புதுத் துறைமுகத்துக்காகக் கடலில் கல் கொட்டிக்கொண்டிருந்தார்கள். நவம்பர் மாதத்து ஞாயிற்றுக்கிழமை என்று நாள் குறித்தாயிற்று, வெள்ளைக் கவுனும் தைத்தாயிற்று. அப்பாவோ வியாழக்கிழமை மீன்பிடிக்க வள்ளத்தில் போகிறேன், சனிக்கிழமை வந்துவிடுவேன் என்றார். அப்பாவின் சனிக்கிழமை எங்கள் வீட்டில் பிரசித்தம். அது செவ்வாய்க்கிழமைகூட வரும்.

புதன்கிழமையே மாமாவிடம் போய், ஒரு கூண்டு ஏற்றி அப்பாவை வீட்டில் நிறுத்திவைக்கும்படி கேட்டேன்.

"அதுக்கென்னளா, ஏத்திட்டாப் போச்சு" என்றார் மாமா, வெற்றிலையை மடித்துக்கொண்டே.

வியாழக்கிழமை காலை கூண்டு இல்லை. அப்பா போய்விட்டார். வெள்ளிக்கிழமை காலை கூண்டு ஏறியது. மத்தியானம் வானம் ஈயம் பூசிய பாத்திரம் போல ஆனது. ஓலைக்கூரைகள் பறந்தன. பக்கத்து வள்ளங்கள் ஒவ்வொன்றாகக் கரைக்கு வந்தன, அப்பாவுடையது வரவில்லை. அம்மா அடுப்பை மூட்டினாள், அணைத்தாள், மறுபடி மூட்டினாள்.

நான் கம்பத்தடிக்கு ஓடினேன். மாமா அங்கேயே உட்கார்ந்திருந்தார். இரண்டு உள்ளங்கையிலும் துணி சுற்றியிருந்தது, துணியில் ரத்தம். காற்றில் கூண்டை ஏற்றும்போது கயிறு அறுத்துவிட்டதாம். எனக்கு அதற்குமேல் சாட்சி வேண்டியிருக்கவில்லை. தன் வீட்டுக்கென்று இழுத்திருக்கிறார். கேட்டது நான்.

"எறக்கு மாமா. அப்பா புதுநன்மைக்கு வரவேண்டாம், கரைக்கு வந்தாப் போதும்."

மாமா கடலைப் பார்த்தபடியே இருந்தார். "எறக்கக்கூடாதுளா. அத்தான் கரையேறட்டும், பொறவு எறக்குதேன்."

இப்படியும் ஒரு மனிதன் பேசுவானா என்று நினைத்தேன். காற்றை அவிழ்த்து விட்டுவிட்டு, அப்பா வந்த பிறகு கட்டுகிறாராம். அவரோடு இனிப் பேசுவதில்லை என்று முடிவு செய்தேன்.

சனிக்கிழமை எங்களுக்கு முதல் பாவசங்கீர்த்தனம், செய்த பாவங்களைச் சாமியாரிடம் சொல்ல வேண்டும். மற்றப் பிள்ளைகள் சீனி திருடியது, தம்பியைக் கிள்ளியது என்று மனப்பாடம் செய்துகொண்டு நின்றார்கள். நான் முழந்தாளிட்டு, "சாமி, இந்தப் புயல் நான் வரவச்சது" என்றேன். திரைக்கு அந்தப் பக்கம் சாமியார் இருமினார். வேறு ஏதாவது உண்டா என்று கேட்டார். சீனியும் உண்டு என்றேன். பரிகாரமாக மாதாவுக்கு மூன்று அருள் நிறைந்த மந்திரம் சொல்லச் சொன்னார். புயலுக்கு ஒன்றரை, சீனிக்கு ஒன்றரை என்று நான் பங்கு பிரித்துக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை மழையிலேயே புதுநன்மை நடந்தது. அம்மா பூசை முழுக்க வாசல் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள். மாமா கோயிலுக்கு வரவில்லை. கம்பத்தடியிலேயே இருக்கிறான் என்றார்கள்.

திங்கட்கிழமை மத்தியானம் அப்பா தெருமுனையில் நடந்து வந்தார். வேட்டி காய்ந்து உப்புப் பூத்திருந்தது. ஊருக்குத் திரும்பக் காற்று விடாததால் தெற்கே ஓடி, புன்னைக்காயல் ஆற்றுவாயில் வள்ளத்தை ஒதுக்கியிருக்கிறார்கள். அம்மா அழவில்லை. "ஒம்ம சனிக்கெழம வந்துட்டாக்கும்" என்று மட்டும் சொல்லிவிட்டு அடுக்களைக்குள் போனாள். அங்கேதான் அழுதாள்.

அப்பா வந்த சேதி கேட்டு மாமா வந்தார், கையில் அதே துணிக்கட்டோடு. அப்பா எழுந்து நின்றார்.

"மாப்ளே, வெள்ளிக்கெழம நீ கூண்டு ஏத்துனத நாங்க கடல்ல இருந்தே பாத்துட்டோம்லா."

மாமா அகப்பட்டுக்கொண்டார். என் பெயரும் இனி வெளியே வரும். கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். ஆனால் அப்பா அடிக்கவில்லை, ஏசவும் இல்லை. மாமாவின் இரண்டு கைகளையும் கட்டோடு பிடித்து, தன் கண்களில் ஒற்றிக்கொண்டார். மாமா முகத்தைத் திருப்பிக்கொண்டு, கூண்டை இறக்க வேண்டும், நேரமாகிறது என்றார். அப்பா விடவில்லை. உட்காரவைத்துத் தன் தட்டிலிருந்தே சோறு ஊட்டிவிட்டார்.

கதவிடுக்கு வழியாகப் பார்த்துக்கொண்டே இருந்தேன். செய்ததெல்லாம் செய்துவிட்டு இப்படி வாயைத் திறந்து வாங்கிச் சாப்பிடுகிறாரே என்று மாமா மேல் ஆத்திரமாக வந்தது. என் அப்பாவுக்குத்தான் எவ்வளவு பெரிய மனசு, இவ்வளவு சீக்கிரம் மன்னித்துவிட்டாரே என்று நினைத்துக்கொண்டேன்.